வலைக் கொட்டகை இசைக்கூடம்

ஃபிரானே லாலிச்சுக்குப் புத்தி பிசகிவிட்டது என்று முதலில் சொன்னது ஊர்க்காரர்கள் அல்ல. அவருடைய கூடப்பிறந்த அக்கா ஸோர்காதான். அதுவும் துறைமுகத்து மீன்கடையில், நாலு பேர் காதுபடச் சொன்னாள்.

"மூணு படகையும் வித்தான். கடல்ல கெடந்த கூண்டு அத்தனையும் வித்தான். சரி, வயசாச்சு, வித்துட்டு உக்காரட்டும். வித்த காசுல என்ன பண்றான்? பிடில் வாசிக்கிறவங்களுக்கு விருந்து வச்சிட்டிருக்கான். எங்கப்பன் தன் கல்யாணத்துக்கே பாட்டுக்காரனக் கூப்பிடாத ஆளு. அவன் பெத்த பிள்ளைக்கு வந்த வாழ்வப் பாருங்க."

ஸோர்கா சொன்னதில் பொய் எதுவும் இல்லை. டால்மேஷியாக் கரையோரம் ஒரு கல்தீவில் பிறந்து, பத்தொன்பது வயதில் கப்பலேறி, அடிலெய்டுக்கு அப்பால் இருக்கும் போர்ட் லிங்கன் துறைமுகத்துக்கு வந்தவர் ஃபிரானே. படகு விளிம்பில் வரிசையாக நின்று, சூரை மீனைக் கம்புத் தூண்டிலால் தலைக்கு மேலே வீசி எடுத்த காலம் அது. கூட நின்றவர்களெல்லாம் இடுப்பொடிந்து கரையேறியபோது இவர் மட்டும் கடன் வாங்கி ஒரு படகு வாங்கினார். பிறகு இன்னொன்று. பிறகு சூரையை உயிரோடு கொண்டுவந்து விரிகுடாவில் பெரிய வளையக் கூண்டுகளில் அடைத்து, மத்தியைக் கொட்டிக் கொழுக்கவைத்து, ஜப்பானுக்கு விமானம் ஏற்றும் தொழில் வந்தது. அதில் முன்வரிசையில் நின்ற நாலைந்து பேரில் இவர் ஒருவர். மேட்டுத் தெருவில் கடலைப் பார்த்து வீடு கட்டினார். கல்யாணமான புதிதில் மீன் டப்பா ஃபாக்டரியில் நின்றுகொண்டே வேலை செய்து கால் நரம்பு சுருண்டுபோன மனைவி நெவென்கா, அந்த வீட்டுச் சமையலறையில் ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்துதான் இன்றைக்கும் சமைக்கிறாள்.

படகுகளை விற்றபின் அவர் செய்ததுதான் யாருக்கும் பிடிபடவில்லை. பள்ளிக்கூடத்துக்கு வயலின்கள் வந்து இறங்கின. அடிலெய்டிலிருந்து பிடில் வகைகள் வாசிக்கும் நால்வர் குழு ஒன்று குளிர்காலந்தோறும் வந்து மாதக்கணக்கில் தங்கியது. தங்குவது இவர் வீட்டில், சாப்பாடு நெவென்காவின் கையால். கடைசியில் படகுத்துறையில் பாழடைந்து கிடந்த வலைக் கொட்டகையை வாங்கி, மேடையும் மரத்தளமும் போட்டு, இசைக்கூடம் ஆக்கினார். தார் வாடையும் பழைய மத்தி வாடையும் சுவரைவிட்டுப் போக இரண்டு கோடைகாலம் பிடித்தது. மாநில அமைச்சர் வந்து கைகுலுக்கினார். பத்திரிகைக்காரி ஒருத்தி வந்து, ஏன் இசை, ஏன் இந்த ஊரில் என்று கேட்டபோது, ஃபிரானே அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "நல்லா இருக்கு, அதான்" என்றார். அதையே தலைப்பாகப் போட்டுவிட்டார்கள்.

நெவென்கா எதுவும் கேட்கவில்லை. புருஷன் குடியில் போடவில்லை, குதிரையில் போடவில்லை. வீட்டுக்கு வருகிற பிள்ளைகள் நன்றாகச் சாப்பிட்டார்கள், தட்டைக் கழுவி வைத்தார்கள். குழுவில் செல்லோ என்ற பெரிய பிடிலை வாசிக்கிற ரோவேனா என்ற பெண் அவளிடம் முட்டைக்கோஸ் இலைக்குள் இறைச்சியும் அரிசியும் வைத்துச் சுருட்டக் கற்றுக்கொண்டு, பாதிக்கு மேல் பிய்த்துவிட்டாள்.

அவளுக்கு இருந்த குறை ஒன்றே ஒன்று. மகன் மாரின் வீட்டுக்கு வருவதில்லை.

மாரின் அப்பாவோடு பதினாறு வயதிலிருந்து கடலுக்குப் போனவன். எட்டு வருஷத்துக்கு முன், கூண்டு வலையை இழுக்கும்போது கயிறு சுற்றும் வின்ச்சில் அவன் வலது கை மாட்டியது. கட்டை விரலும் சுண்டுவிரலும்தான் மிஞ்சின. வின்ச்சின் கைப்பிடியைப் பிடித்திருந்தவர் ஃபிரானே. மூன்றாவது ஆள் கீழே இயந்திர அறையில் இருந்தான். முந்தின நாள் ஊரில் ஒரு கல்யாணம். மாரின் அதில் குடித்திருந்தான் என்பது ஊருக்கே தெரியும். மப்பு தெளியாமல் கயிற்றில் கையைக் கொடுத்துவிட்டான், சத்தம்கூடக் கொடுக்கவில்லை என்று பேச்சாயிற்று. விசாரணைக்கு வந்தவர்களும் அப்படித்தான் எழுதிக்கொண்டு போனார்கள். அடுத்த வருஷமே படகுகள் விலைபோயின. அதிலிருந்து மாரின் வேறொருவர் மத்திப் படகில் கூலிக்குப் போகிறான். கிறிஸ்துமஸுக்கும் அம்மா பிறந்தநாளுக்கும் வருவான். முற்றத்தில் நின்று அவளைக் கட்டிப்பிடித்து, அப்படியே திரும்பிவிடுவான். கையாலாகாதவன் என்று நினைத்துத்தான் அப்பா படகைத் தன்னிடம் கொடுக்கவில்லை என்கிற ஆத்திரம் என்று நெவென்கா நினைத்திருந்தாள்.

இசைக்கூடம் திறப்பு சனிக்கிழமை. புதன்கிழமை பிற்பகல் நால்வரும் ஒத்திகை பார்த்தார்கள். காலையிலிருந்து வடகாற்று. உள்நாட்டுக் கோதுமை வயல்களின் புழுதியெல்லாம் ஊருக்குள் வந்து, விரிகுடாவே செம்பழுப்பாகத் தெரிந்தது. நெவென்கா சீனி தூவிய மாவுப் பலகாரத்தை ஒரு பெட்டி நிறையப் பொரித்து எடுத்துக்கொண்டு வந்து, புழுதி உள்ளே வராமல் கதவை முதுகால் தள்ளிச் சாத்தினாள்.

ஃபிரானே மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். கண்ணை மூடியிருந்தார். இரண்டு உள்ளங்கைகளும் முன்னிருக்கையின் மரச் சட்டத்தில் விரிந்து கிடந்தன. பின்னால் டக் என்ற மின்வேலைக்காரர் ஏணிமேல் நின்று, கூரையின் கீழே விளக்குகள் தொங்கும் நீளமான இரும்புக் குழாயை மாட்டிக்கொண்டிருந்தார்.

எது நழுவியது என்று பிறகு ஆளுக்கொன்று சொன்னார்கள். குழாய் ஒரு முனையில் இறங்கியது. டக் "ஒதுங்குங்க" என்று தொண்டை கிழியக் கத்தினார். நெவென்கா "ஃபிரானே" என்று அலறினாள். மேடையில் ரோவேனா எழுந்து நின்று கூவினாள். அடுத்த நொடி அந்தக் குழாய் அத்தனை விளக்குகளோடும் தரையில் விழுந்தது. ஃபிரானேயின் தலைக்குப் பின்னால் இரண்டு வரிசை நாற்காலிகள் நொறுங்கின. கண்ணாடி சிதறி மேடைவரை ஓடியது. கூரைத் தகரம் அதிர்ந்து அடங்க வெகுநேரம் ஆயிற்று.

ஃபிரானே திரும்பவில்லை. தலையைக்கூட அசைக்கவில்லை.

கொஞ்சம் கழித்துக் கண்ணைத் திறந்தார். மேடையில் வில்லைத் தொங்கவிட்டபடி நின்ற நால்வரையும் பார்த்தார். முகத்தில் ஒரு சந்தோஷம்.

"அந்தக் கடைசி அடி இருக்கே, நல்லா இருந்துச்சு," என்றார். "ஏன் நிறுத்திட்டீங்க?"

அவர்களுடைய பார்வை தன்னைத் தாண்டிப் போவதை அப்போதுதான் அவர் கவனித்தார். மெதுவாகத் திரும்பி, நொறுங்கிய நாற்காலிகளையும் ஏணிமேல் நடுங்கிக்கொண்டிருந்த டக்கையும், கடைசியாகக் கதவருகில் பலகாரப் பெட்டியோடு நின்ற நெவென்காவையும் பார்த்தார். திருடும்போது அகப்பட்ட ஒருவனுடைய முகம் அது. நாற்பத்து மூன்று வருஷத் தாம்பத்தியத்தில் அந்த முகத்தை அவள் பார்த்ததே இல்லை.

வீடு வரும்வரை காரில் நெவென்கா அவர் உயிர் தப்பியதை நினைக்கவில்லை. ஒவ்வொன்றாக அவளுக்கு ஞாபகம் வந்துகொண்டிருந்தது. டெலிபோன் அடித்தால் "நீயே பேசு, எனக்கு எரிச்சல்" என்பார். டிவி வேண்டாம் என்று ஸோர்காவுக்குத் தூக்கிக் கொடுத்தார். சாப்பாட்டு மேசைக்கு மேலே கண் கூசுகிற மாதிரி ஒரு விளக்கை மாட்டச் சொன்னார். எங்கே போனாலும் சுவருக்கு முதுகு காட்டி, ஆட்களைப் பார்த்த மாதிரி உட்கார்ந்தார். நாலு பேர் கூடினால் யாரையும் பேசவிடாமல் தானே பேசினார். பணம் வந்தபின் ஆளுக்குக் கொழுப்பு ஏறிவிட்டது, கூப்பிட்டால் திரும்புவதில்லை என்று ஊரில் சொன்னார்கள். பெண்டாட்டி பேச்சைக் காதில் வாங்காத புருஷன் உலகத்தில் புதுசா என்று அவளும் விட்டிருந்தாள்.

சமையலறையில் ஃபிரானே ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்து பூண்டு உரிக்கத் தொடங்கினார். யாரும் சொல்லாமல் அவர் செய்கிற வேலை அல்ல அது. அவள் அவர் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள்.

"ஃபிரானே," என்றாள், சாதாரணக் குரலில். "வீடு எரியுது."

பூண்டுத் தோல் உதிர்ந்தது.

"ஃபிரானே, உங்க அக்கா செத்துப்போயிட்டா."

அவர் அடுத்த பல்லை எடுத்தார். தான் என்ன சொல்லப்போகிறோம் என்று தெரிந்தும் நெவென்காவால் நாக்கை அடக்க முடியவில்லை.

"மாரின் செத்துப்போயிட்டான்."

சொன்னதும் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டாள். ஃபிரானே உரித்த பூண்டைக் கிண்ணத்தில் போட்டுவிட்டு, விரலை முகர்ந்து பார்த்தார்.

அவள் சுற்றிவந்து அவர் எதிரே முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அவர் பார்வை சட்டென்று அவள் உதட்டுக்கு வந்தது. இத்தனை வருஷமாக ஆசையோடு பார்க்கிறார் என்று அவள் நினைத்திருந்த பார்வை.

"எப்போலேர்ந்து?"

அவர் இன்னொரு பூண்டை எடுத்தார்.

"உன்னத்தான் கேக்கறேன். எப்போலேர்ந்து கேக்கல?"

"கொஞ்சம் கொஞ்சமாப் போச்சு," என்றார். "எல்லாம் டீசல் இன்ஜின் பண்ண வேல. நரம்பே செத்துப்போச்சுன்னாரு டாக்டர். காதுல மிஷின் மாட்டிப் பாத்தேன். தகரத்த அறுக்கிற மாதிரி இரைச்சல்தான் வந்துச்சு. கடல்ல தூக்கிப் போட்டுட்டேன்."

"எந்த டாக்டர்? எப்பப் போனே?"

"அடிலெய்டுல. படகு இன்சூரன்ஸ் வேலைன்னு சொல்லிட்டுப் போனேன்ல."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"சொன்னா நீ கத்திப் பேச ஆரம்பிப்பே. கத்தினா வாய் கோணும். நீ என்ன சொல்றேன்னே எனக்குத் தெரியாது." பிறகு கொஞ்சம் சிரிக்கப் பார்த்தார். "நீ மெதுவாப் பேசுறது எனக்கு நல்லாப் புரியும்."

"சிரிக்காதே." அவள் குரல் உடைந்தது. அவருக்கு அது தெரியாது என்பது அதைவிட வலித்தது. "காது கேக்காதவன் எதுக்குய்யா பிடிலுக்கு இவ்வளவு செலவு பண்ணினே? ஊரை ஏமாத்தவா?"

ஃபிரானே கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். தன்னைப் பற்றிச் சொல்ல வராத ஆள். திக்கித் திக்கித்தான் சொன்னார்.

"அந்த டாக்டர் வீட்டுலேர்ந்து வெளிய வந்தேன். எங்க போறதுன்னு தெரியல. எதிர்ல ஒரு பழைய ஹால். பின்வாசல் தொறந்திருந்துச்சு. மழை வேற, உள்ள போயி ஒரு பலகைச் சுவத்துல சாஞ்சு நின்னேன். அந்தப் பக்கம் யாரோ பெரிய பிடில் ஒண்ணு வாசிக்கிறாங்க, ஆள் உசரத்துக்கு இருக்குமே, அது. நெவென்கா, அது என் முதுகுல வந்துச்சு. முதுகெலும்புல ஏறி இங்க வந்து நின்னுச்சு." நெஞ்சைத் தொட்டார். "எதுவுமே வராம இருந்துச்சு, அதுவரைக்கும். காத்து, கடல், உன் சத்தம், எதுவும் வரல. இது மட்டும் வந்துச்சு. எனக்கு அது வேணும்னு தோணிச்சு. அவ்வளவுதான்."

அவள் அழுதாள். அவர் எழுந்து ஒரு துணியைக் கொண்டுவந்து கொடுத்தார். பாவம், இந்த மனுஷன் எத்தனை வருஷம் இதைத் தனியாகச் சுமந்திருக்கிறார் என்று அவள் மனது இளகிக்கொண்டிருந்தபோதுதான் அது தைத்தது. துணியைக் கண்ணிலிருந்து எடுத்தாள்.

"அந்த டாக்டரப் பாத்தது மாரின் கை போனதுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

ஃபிரானே தரையைப் பார்த்தார். தரையைப் பார்த்துவிட்டால் கேள்வி முடிந்துவிடும் என்பது அவருடைய பழைய தந்திரம் என்று இப்போது அவளுக்குப் புரிந்தது. அவர் தாடையைப் பிடித்து நிமிர்த்தினாள்.

"முன்னாடியா, பின்னாடியா?"

"பின்னாடி. ஆனா அதுக்கு முன்னாடியே எனக்குத் தெரியும்."

"அவன் சத்தம் குடுத்தானா?"

"தெரியாது." அவர் கண்ணில் நீர் கட்டியது. "கடவுள் சத்தியமாத் தெரியாது. நான் திரும்பிப் பாத்தப்ப வாய் தொறந்திருந்துச்சு. அதுக்குள்ள கை போயிருச்சு. கத்தினதுக்கு அப்புறம் போச்சா, போனதுக்கு அப்புறம் கத்தினானா, எனக்கு எப்படித் தெரியும்?"

"விசாரணைல என்ன சொன்னே?"

"சத்தம் கேக்கலன்னு சொன்னேன். அது பொய் இல்ல."

"அவங்க அவன் கத்தலைன்னு எழுதிக்கிட்டாங்க."

"எழுதிக்கிட்டாங்க."

"நீ பாத்துக்கிட்டு இருந்தே. ஊரே அவனக் குடிகாரன்னு சொல்லிச்சு. ரொட்டிக் கடையில எனக்கு முன்னாடியே சொன்னாங்க. அப்பவும் நீ பாத்துக்கிட்டு இருந்தே."

"திரும்ப வின்ச் பக்கம் நிக்க என்னால முடியல. படக அவன்கிட்ட குடுத்தா, கூட வான்னு கூப்பிடுவான். போனா ஒரு நாள்ல தெரிஞ்சுபோகும். அதான் வித்தேன்."

நெவென்கா எழுந்தாள். அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வெளியே காற்று மாறித் தென்காற்று அடிக்கத் தொடங்கியிருந்தது. ஜன்னல் கண்ணாடியில் ஒட்டிய புழுதியில் மழைத் துளிகள் விழுந்து சேறாக வழிந்தன. அன்றைக்கு அவள் சமைக்கவில்லை. உரித்த பூண்டு கிண்ணத்திலேயே கிடந்தது.

மறுநாள் காலையில் படகுத்துறைக்குப் போனாள். மத்திப் படகுகள் வந்து நின்றன. மாரின் ரப்பர் உடுப்போடு, இடது கையாலும் வலது முழங்கையாலும் குழாயை இடுக்கிப் பிடித்துத் தளத்தில் ஒட்டியிருந்த செதிலைத் தண்ணீர் அடித்துக் கழுவிக்கொண்டிருந்தான். அம்மாவைக் கண்டதும் தண்ணீரை நிறுத்தினான். தலைக்கு மேலே கடற்காக்கைகள் கத்திக்கொண்டிருந்தன.

"என்னம்மா, முகமெல்லாம் வீங்கியிருக்கு? பிடில்காரங்க தட்டுக் கழுவாமப் போயிட்டாங்களா?"

எல்லாவற்றையும் சொல்லிவிட வேண்டும் என்றுதான் வந்திருந்தாள். அவன் கையைப் பார்த்ததும் பாதிதான் வெளியே வந்தது.

"உங்கப்பாவுக்குக் காது கேக்காதுடா," என்றாள். "சுத்தமாக் கேக்காது. ரொம்ப வருஷமா."

அவன் திடுக்கிடுவான், கேள்வி கேட்பான், குழாயைத் தூக்கி எறிவான் என்று நினைத்தாள். மாரின் குனிந்து குழாயை வட்டமாகச் சுருட்டி வைத்தான். சுருட்டி முடிக்கும்வரை நிமிரவில்லை.

"சொன்னாரா?" என்றான்.

"நான் கண்டுபிடிச்சேன். அப்புறம் சொன்னாரு."

"ம்." அவன் கடலைப் பார்த்தான். "நாளைக்கு மத்தியானம் கடலுக்குப் போகல. சாப்பிட வரட்டுமா?"

இத்தனை வருஷமாக அவள் அவனிடம் கெஞ்சிக் கெஞ்சி அலுத்துப்போன வார்த்தை. இப்படி வந்து விழும் என்று அவள் எதிர்பார்க்கவில்லை. வேகமாகத் தலையை ஆட்டினாள்.

வெள்ளிக்கிழமை அவள் விடிந்ததிலிருந்து சமைத்தாள். வஞ்சகமில்லாமல் மூன்று வகை மீன் வாங்கி, தக்காளியும் வெங்காயமும் புளிக்காடியும் விட்டு, கரண்டியே போடாமல் சட்டியைப் பிடித்துக் குலுக்கிக் குலுக்கிக் குழம்பு வைத்தாள். மக்காச்சோளக் களி கிண்டினாள். ஃபிரானே வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, விளக்குக்குக் கீழே தன்னுடைய இடத்தில் வந்து உட்கார்ந்துவிட்டார். கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்து உருட்டினார். நொறுங்கிய நாற்காலிகளுக்குப் பதில் வேறு வருகிறதா என்று டக் ஆள் அனுப்பிக் கேட்டதற்கு, "எதையாவது போடச் சொல்லு" என்றார். ஒவ்வொரு நாற்காலியிலும் உட்கார்ந்து பார்த்து வாங்கிய மனுஷர்.

மாரின் பின்வாசல் வழியாக வந்தான். "அப்பா" என்று தலையாட்டினான். அப்பாவும் தலையாட்டினார். அவன் நேரே தொட்டிக்குப் போய்க் குழாயைத் திறந்து கை கழுவ ஆரம்பித்தான். முதுகு அப்பாவைப் பார்த்து இருந்தது.

"அம்மா, நீ இங்க பாக்காதே, குழம்பப் பாத்துக்கிட்டே கேளு," என்றான். குரலை உயர்த்தவில்லை, தாழ்த்தவும் இல்லை. "அன்னைக்கு நான் கத்தினேன். ஒரு தடவ இல்ல. கயிறு கையுறையப் பிடிச்சதுமே கத்தினேன். அவர் முகம் எனக்குத் தெரிஞ்சுது. கடலப் பாத்துக்கிட்டு நின்னாரு. திரும்பக் கத்தினேன். இமைகூட அசையல. கை போறது தெரியறதுக்கு முன்னாடி எனக்கு அவர் காது போனது தெரிஞ்சுபோச்சும்மா."

நெவென்காவின் கையில் சட்டி. கீழே வைக்கத் தோன்றவில்லை. சூடு துணியைத் தாண்டி விரலுக்கு வந்தது.

"உனக்குத் தெரியுமா?"

"அன்னைக்கே தெரியும். ஆஸ்பத்திரில வந்து கேட்டாங்க, சத்தம் குடுத்தியான்னு. குடுக்கலன்னு சொன்னேன். கல்யாணத்துல குடிச்சேன்னு நானே சொன்னேன். குடுத்தேன்னு சொல்லியிருந்தா அவர் லைசென்ஸ் போயிருக்கும், படகு கரையில கெடந்திருக்கும். கை போனது போச்சு, படகாவது மிஞ்சட்டும்னு நெனச்சேன். வந்து ஒரு வார்த்த சொல்லுவாரு, தம்பி எனக்குக் கேக்கலடான்னு. அதுக்குத்தான் காத்துக்கிட்டிருந்தேன். ஒரு வருஷம் காத்துக்கிட்டிருந்தேன். வித்துட்டாரு. குடிகாரன்னு பேரெடுத்து நான் காப்பாத்தின படக வித்து, பிடில் வாங்கினாரு."

தண்ணீர் ஓடிக்கொண்டே இருந்தது. அவன் கழுவிய கையையே திரும்பத் திரும்பக் கழுவினான்.

"என்ன சொல்றான்?" என்றார் ஃபிரானே மேசையிலிருந்து. அவர் நெவென்காவின் முகத்தைப் பார்த்திருந்தார். அது வெளுத்திருந்தது. "நெவென்கா, அவன் என்ன சொல்றான்?"

அவள் சட்டியை மேசைமேல் வைத்தாள். மகனைப் பார்த்தாள். அவன் திரும்பவில்லை. குழம்பு நல்லா மணக்குதுன்னு சொல்றான் என்று சொல்லிவிடலாம். அவர் நம்புவார். மகன் உட்கார்ந்து சாப்பிடுவான். நாளைக்குத் திறப்பு விழா நடக்கும். இத்தனை வருஷம் இந்த வீடு அப்படித்தான் நடந்திருக்கிறது. அப்பா தனக்குத் தெரிந்ததை மூடிவைத்தார், மகன் தனக்குத் தெரிந்ததை மூடிவைத்தான். இரண்டு பேருக்கும் சோறு போட்டுக்கொண்டு நடுவில் அவள் ஒருத்திதான் எதுவும் தெரியாமல் இருந்திருக்கிறாள்.

விளக்கு தன் முகத்தில் விழுகிற மாதிரி அவர் எதிரே உட்கார்ந்தாள்.

"கத்தினேன்னு சொல்றான்," என்றாள், ஒவ்வொரு வார்த்தையாக. "பல தடவ கத்தினேன்னு சொல்றான். உனக்குக் கேக்கலைங்கிறது அவனுக்கு அன்னைக்கே தெரியும். உனக்காகத்தான் பொய் சொன்னானாம். உன் படகுக்காக. நீ வந்து சொல்லுவேன்னு காத்துக்கிட்டிருந்தானாம்."

எதையும் விடவில்லை. பிடில் வாங்கினதையும் சொன்னாள். ஃபிரானேயின் முகத்தில் ஒன்றும் நடக்கவில்லை. நிறம் மட்டும் கழுத்திலிருந்து மேலே மேலே வற்றிக்கொண்டு போயிற்று. ரொட்டி உருண்டை விரலிலிருந்து விழுந்தது. மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு, தன் சத்தம் தனக்கே தெரியாதவர்கள் பேசுகிற உரத்த குரலில் கேட்டார்:

"எந்தப் பக்கம் நின்னு கத்தினே?"

மாரின் தோள் அசைந்தது. குழாயை மூடினான். பிறகு முழுசாகத் திரும்பி, ஈரக் கையோடு மேசைவரை வந்து, அப்பாவின் முகத்துக்கு நேரே குனிந்தான்.

"இடது பக்கம்."

"இடதுதான் முதல்ல போச்சு," என்றார் ஃபிரானே. "வலது பக்கம் நின்னிருந்தா..."

"எனக்கு எப்படிப்பா தெரியும், எந்தப் பக்கம் நிக்கணும்னு? நீ சொல்லியிருக்கணும்ல?"

நெவென்கா இடுப்புத் துணியை அவிழ்த்து நாற்காலியில் போட்டாள். பரிமாறவில்லை. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து சுடச்சுடச் சோற்றை வைத்துவிட்டு ஆண்களை விட்டு வெளியே போனவள் இல்லை அவள். வாசல் கதவைத் திறந்துகொண்டு நடந்தாள். யார்மேல் கோபம் என்று அவளுக்கே பிரிக்கத் தெரியவில்லை. மேட்டுத் தெரு இறக்கத்தில் கடல் கழுவி விட்ட மாதிரி நீலமாகக் கிடந்தது. தூரத்தில் வளையக் கூண்டுகள், அதில் ஒன்றுகூட இப்போது அவர்களுடையது இல்லை. இறக்கத்தின் அடிவரை போனாள், சுருண்ட நரம்பு இழுத்தது, அங்கே ஒரு சுவரில் உட்கார்ந்தாள். எவ்வளவு நேரம் என்று தெரியாது. காற்றில் குளிர் ஏறியதும் எழுந்து திரும்பினாள்.

பாதி மேட்டிலேயே சத்தம் வந்துவிட்டது.

மாரின் கத்திக்கொண்டிருந்தான். கத்திப் பிரயோசனமில்லை, முகத்தைக் காட்டினால் போதும் என்று தெரிந்தவன்தான், ஆனாலும் கத்தினான். ஃபிரானே அதைவிடக் கத்தினார். ஜன்னல்கள் எல்லாம் திறந்து கிடந்தன. எதிர்வீட்டுக்காரர்கள் வாசலுக்கு வந்து நின்றார்கள். தபால்காரர் வண்டியை நிறுத்தியிருந்தார். ஸோர்கா, நாளைய விழாவுக்கென்று சுட்ட வால்நட் ரொட்டியை மார்போடு அணைத்துப் பிடித்தபடி, வெளிவாசலில் சிலையாக நின்றாள்.

"திங்கக்கிழம துறைமுக ஆபீசுக்குப் போறேன்," என்று உள்ளிருந்து ஃபிரானேயின் குரல் தெருவையே அதிரவைத்தது. "என் காது செவிடு, என் பையன் கத்தினான்னு எழுதிக் குடுக்கறேன்."

"இப்ப எழுதிக் குடுத்து என் விரல் முளைக்குமா?"

"முளைக்காது. ஆனா ரொட்டிக் கடைக்காரன் வாய் மூடும்."

"எனக்கு ரொட்டிக் கடைக்காரனப் பத்திக் கவலையில்ல. எனக்கு நீ சொல்லணும்."

"சொல்லிட்டுத்தான்டா இருக்கேன்."

"எட்டு வருஷம் கழிச்சு."

"எட்டு வருஷம் கழிச்சுத்தான். நான் கோழை. போதுமா? கோழைன்னு சொல்லிட்டேன். இன்னும் என்ன சொல்லணும்?"

உள்ளே ஏதோ நாற்காலி இழுபடும் சத்தம். அப்புறம் மாரினின் குரல், கொஞ்சம் கம்மி:

"நாளைக்கு நான் வரமாட்டேன். உன் பிடிலு எனக்கு வேண்டாம்."

"வராதே. உனக்குச் சங்கீதம் தெரியாது."

"உனக்குக் கேக்கவே கேக்காது."

எதிர்வீட்டில் யாரோ சிரித்து, உடனே வாயைப் பொத்திக்கொண்டார்கள். ஸோர்காவின் முகம் பேயறைந்த மாதிரி இருந்தது. தம்பியைப் பற்றித் தான் மீன்கடையில் பேசினதும், மருமகனைப் பற்றி ஊர் பேசினதைக் கேட்டுத் தலையாட்டினதும் எல்லாம் சேர்ந்து அவளை அறைந்திருக்க வேண்டும். நெவென்காவைக் கண்டதும் ரொட்டியோடு ஓடி வந்தாள்.

"நெவென்கா, எங்கடி போயிட்டே? உள்ள போய்ப் பிடி. அப்பனும் மகனும் கொலை பண்ணிக்குவாங்க போலிருக்கே."

நெவென்கா வெளிவாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினாள். உள்ளே கரண்டி சட்டியில் மோதுகிற சத்தம் கேட்டது. யாரோ யாருக்கோ குழம்பு ஊற்றினார்கள். சத்தம் மறுபடியும் தொடங்கியது.

"இல்ல," என்றாள். "பேசிக்கிட்டு இருக்காங்க."